அக்காவின் ஊர் திறக்கவில்லை

2023 டிசம்பர் கடைசி வாரத்தில் அக்கா குடும்பத்தோடு நியூ ஜெர்சியிலிருந்து மதுரைக்கு வந்திருந்தாள். வந்த மூன்றாம் நாள், கைப்பையின் உள்ளறையிலிருந்து தபால் தலையைவிடச் சற்றே பெரிய ஒரு வெள்ளை விளையாட்டு அட்டையை எடுத்து என் கையில் வைத்தாள். "வீடு மாறியபோது சாமான் பெட்டியில் கிடைத்தது, தம்பி. கன்சோலை எப்போதோ யாருக்கோ கொடுத்துவிட்டோம். உன்னிடம்தான் ஒன்று இருக்கிறதே, வைகை இன்னும் இருக்கிறதா என்று பார்" என்றாள். அவள் சொன்ன வைகை எங்கள் ஊர் ஆறு அன்று. 'அனிமல் கிராசிங்: நியூ லீஃப்' என்ற வீடியோ விளையாட்டில் அவள் மேயராக இருந்த ஊரின் பெயர். அந்த விளையாட்டில் எல்லா ஊருக்கும் நடுவே ஓர் ஆறு ஓடும். வற்றாமல் ஓடும் ஆற்றைப் பார்த்ததும் அவளுக்கு வேறு பெயர் தோன்றவில்லையாம்.

2013 ஜூனில் அமெரிக்காவில் அந்த விளையாட்டு வெளிவந்த சில வாரங்களில் அவள் வாங்கியிருந்தாள். அப்போது அவள் மகளுக்கு நான்கு வயது. பிறகு அந்தக் குழந்தையும் அதே ஊரில் ஒரு வீடு கட்டிக்கொண்டது. ஓர் அட்டையில் ஓர் ஊர்தான், ஆனால் அந்த ஊரில் நான்கு பேர் வரை குடியிருக்கலாம். வாரக் கடைசியில் நாங்கள் தொலைபேசியில் பேசும்போது பின்னணியில் அந்த விளையாட்டின் இசை கேட்டுக்கொண்டே இருக்கும். யார் வீட்டில் எந்த விலங்கு குடிவந்தது, எந்தப் பூ கலப்பாகி என்ன நிறம் வந்தது என்று அக்கா சொல்வாள். நான் பார்த்திராத ஊர் அது. ஆனால் எந்த வளைவில் பாலம் இருக்கிறது என்பது எனக்குத் தெரியும்.

மாடி அறைக்குப் போய் நின்டெண்டோவின் கையடக்க விளையாட்டுக் கருவியான என் 3டிஎஸ் கன்சோலில் அட்டையைச் செருகினேன். முகப்பில் விளையாட்டின் படம் வந்தது. தொட்டேன். தொடக்க இசை வரும் என்று காத்திருந்த இடத்தில் ஒரு செய்தி வந்தது. இந்த அட்டையில் சேமிக்கப்பட்டிருப்பது புதிய பதிப்பில் உருவானது. அப்டேட் இல்லாமல் இதைப் பயன்படுத்த முடியாது என்பது அதன் சாரம். வெளியே எடுத்து, அட்டையின் உலோகப் பற்களைத் துணியால் துடைத்து, மீண்டும் செருகினேன். அதே செய்தி. ஊர் அழியவில்லை, அட்டை கெடவில்லை, எல்லாம் உள்ளே பத்திரமாக இருக்கிறது. கதவு மட்டும் திறக்கவில்லை.

காரணம் புரிய அதிக நேரம் ஆகவில்லை. 2016 நவம்பரில் அந்த விளையாட்டுக்கு 'வெல்கம் அமீபோ' என்ற பெரிய இலவச அப்டேட் வந்தது. ஊருக்கு ஒரு முகாம் மைதானம், அங்கே வண்டிகளில் வந்து தங்கும் விருந்தினர், வீட்டுக்குள் 360 பொருள்களை வைக்கும் ஒரு மறைவறை என்று நிறையச் சேர்ந்தன. அப்டேட்டை ஏற்றியதும் சேமித்திருந்த ஊர் புதிய வடிவத்துக்கு மாறிவிடும். மாறியது மாறியதுதான், பழைய பதிப்பால் அதைப் படிக்க முடியாது. அக்கா 2016இல் அதை ஏற்றியிருக்கிறாள். 3டிஎஸ் அட்டையில் விளையாட்டும் நம் சேமிப்பும் சேர்ந்தே இருக்கும், ஆனால் அப்டேட் அட்டைக்குள் போகாது. அது கன்சோலின் மெமரி கார்டில் உட்கார்ந்துகொள்ளும். அக்காவின் கன்சோலோடு அந்த மெமரி கார்டும் போய்விட்டது. ஊர் ஒரு கையிலும் அதன் சாவி இன்னொரு கையிலுமாக இருந்து, சாவி இருந்த கையை நாங்கள் விட்டுவிட்டோம்.

அப்டேட்தானே, இறக்கிக்கொண்டால் போயிற்று என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. ஆனால் என் கன்சோல் பெரியப்பா மகன் லண்டனிலிருந்து வாங்கி வந்தது, ஐரோப்பியக் கன்சோல். 3டிஎஸ்ஸுக்குப் பிராந்தியப் பூட்டு உண்டு. அமெரிக்க அட்டை ஐரோப்பியக் கன்சோலில் ஓடாது. நான் என் கன்சோலில் லூமா3டிஎஸ் என்ற மாற்று மென்பொருளை ஏற்றி வைத்திருந்ததால்தான் அந்த அட்டை தொடங்கும் வரையாவது வந்தது. பூட்டை உடைத்தாலும் அப்டேட் இறங்கும் இணையக் கடை மாறாது. என் கன்சோல் ஐரோப்பியக் கடையிடம்தான் கேட்கும். அமெரிக்கப் பதிப்புக்கு உரிய அப்டேட் அந்த அலமாரியில் இருக்காது.

அட்டை வைத்திருப்பவனின் நம்பிக்கை

இந்த இடத்தில் என்னைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளாக நான் ஒரே கருத்தைப் பிடித்துக்கொண்டு நண்பர்களோடு வாதிட்டு வந்தவன். விளையாட்டை வாங்கினால் அட்டையாக, வட்டாக, கையில் பிடிக்கும் பொருளாக வாங்க வேண்டும் என்பது அந்தக் கருத்து. கடையிலிருந்து இறக்கிக்கொள்வது வாடகை மாதிரி. கடை மூடினால் போய்விடும். அட்டை நம் அலமாரியில் இருக்கும், எவரும் எடுத்துக்கொண்டு போக முடியாது. புத்தகம் வாங்குவது போல என்று எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். 2021 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 3, வீட்டா கன்சோல்களின் இணையக் கடைகளை மூடப்போவதாக அறிவிப்பு வந்து, எதிர்ப்பு கிளம்பி, அடுத்த மாதமே அந்த முடிவைத் திரும்பப் பெற்றபோது, "பார்த்தீர்களா" என்று எல்லோரிடமும் சொன்னவன் நான்தான். 2023 மார்ச் 27 அன்று நின்டெண்டோவின் 3டிஎஸ், வீ யூ கன்சோல்களின் இணையக் கடைகளில் விற்பனை நின்றபோது என் அலமாரியில் இருந்த 22 அட்டைகளைப் பார்த்து நிம்மதியாகத் தூங்கியிருக்கிறேன்.

அந்த நிம்மதியில் ஓர் ஓட்டை இருந்ததை அக்காவின் அட்டைதான் காட்டியது. அதற்கு முன்பே எனக்குத் தெரிந்திருக்க வேண்டும், ஏனென்றால் சான்றுகள் கண்முன்னே இருந்தன. 2013 அக்டோபர் 12 அன்று உலகம் முழுவதும் ஒரே நாளில் வெளிவந்த 'போக்கிமான் எக்ஸ்', 'போக்கிமான் ஒய்' விளையாட்டுகளை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் லூமியோஸ் என்றொரு பெரிய நகரம் வரும். அந்த நகரத்தின் சில தெருக்களில் நின்று சேமித்தால், மறுமுறை விளையாட்டு தொடராமல் அப்படியே உறைந்துவிடும். அந்த மாதம் முடிவதற்குள் 1.1 என்ற அப்டேட் வந்து அதைச் சரிசெய்தது, ஏற்கெனவே சிக்கிக்கொண்டவர்களையும் விடுவித்தது. அதோடு அந்தச் செய்தி முடிந்துபோனதாக எல்லோரும் மறந்தோம். ஆனால் அட்டையில் அச்சானது அச்சானதுதான். முதல் நாள் விற்ற அட்டை இன்றைக்கும் அந்தத் தெருக்களோடுதான் இருக்கிறது. பழைய பொருள் விற்கும் கடையில் இன்று அதை வாங்கி, இணையத்தோடு இணைக்காமல் ஒரு குழந்தை விளையாடினால், அந்தத் தெருவில் அதே பள்ளம் அந்தக் குழந்தைக்காகக் காத்திருக்கும்.

புத்தகம் போல என்று சொன்னேனே, அந்த ஒப்புமையையே திருப்பிப் பார்த்தேன். பழைய தமிழ்ப் புத்தகங்களின் கடைசியில் 'பிழையும் திருத்தமும்' என்று ஒரு பட்டியல் இருக்கும். பக்கம், வரி, பிழை, திருத்தம் என்று நான்கு பத்திகள். சில புத்தகங்களில் அது தனித் துண்டாக அச்சாகி உள்ளே செருகப்பட்டிருக்கும். அப்பா ஒரு புத்தகத்தை வாங்கியதும் முதல் வேலையாகப் பென்சிலை எடுத்து, அந்தத் துண்டைப் பார்த்து ஒவ்வொரு பக்கமாகத் திருத்திவிட்டுத்தான் படிக்கத் தொடங்குவார். துண்டு தொலைந்தாலும் புத்தகம் புத்தகம்தான். ஓரிரு எழுத்துப் பிழையோடு படித்துவிட்டுப் போகலாம். இங்கே நடந்தது அதுவன்று. ஒருமுறை திருத்திப் படித்துவிட்டீர்கள், அதனால் இனித் துண்டைக் காட்டினால்தான் புத்தகத்தைத் திறக்க விடுவேன் என்கிறது விளையாட்டு. அந்தத் துண்டு எங்கே கிடைக்கும் என்பதைப் பற்றி அட்டைக்கு ஒன்றும் தெரியாது.

கடைசி எட்டு இலக்கங்கள்

3டிஎஸ்ஸில் ஒவ்வொன்றுக்கும் 16 இலக்க அடையாள எண் உண்டு. முதல் எட்டு அது என்ன வகை என்று சொல்லும், பின் எட்டு அது எந்த விளையாட்டு என்று சொல்லும். விளையாட்டு என்றால் 00040000 என்று தொடங்கும். அப்டேட் என்றால் அந்த எட்டில் கடைசிச் சுழிக்குப் பதிலாக ஓர் ஆங்கில எழுத்து வரும், அவ்வளவே வேறுபாடு. அக்காவின் அட்டைக்குப் பின் எட்டு 00086300. அதன் அப்டேட்டுக்கும் அதே 00086300. ஒரே குடும்பப் பெயரைப் போட்டுக்கொண்ட இருவர் மாதிரி. ஐரோப்பியப் பதிப்பின் எண் 00086400. ஜப்பானியப் பதிப்பு 00086200. ஓர் இலக்கம் மாறினால் வேறு குடும்பம். உரிமை கொண்டாட முடியாது. எனக்குக் கிடைக்கக்கூடிய அப்டேட்டில் அந்த இலக்கம் 4. எனக்கு வேண்டியதில் 3. பிறகு அப்டேட்டையும் சேர்த்தே அச்சிட்டு விற்ற மறுபதிப்பு அட்டை ஒன்றும் வந்தது. அதன் எண் முற்றிலும் வேறு. அதை வாங்கினாலும் புதிதாக ஓர் ஊர் தொடங்கலாமே தவிர, வைகைக்குள் போக முடியாது. வைகை இந்த அட்டைக்குள்தான் இருக்கிறது.

பெங்களூரில் ஒரு நண்பர் இருக்கிறார், என்னைவிட ஏழெட்டு வயது இளையவர், பழைய கன்சோல்களைச் சரிசெய்வதில் நல்ல கைப்பழக்கம் உள்ளவர். அவரிடம் அமெரிக்க 3டிஎஸ் ஒன்று இருப்பதும், அதில் இதே விளையாட்டை அவர் மனைவி ஆண்டுக்கணக்கில் ஆடியதும் எனக்குத் தெரியும். இரவு பத்து மணிக்கு அழைத்தேன். மெமரி கார்டிலிருந்து அந்தக் கோப்பை மட்டும் நகலெடுத்து அனுப்ப முடியுமா என்று கேட்டேன். "அப்படியே நகலெடுத்தால் பயன்படாது, அண்ணா" என்றார். மெமரி கார்டில் இருக்கும் எல்லாமே அந்தந்தக் கன்சோலுக்கே உரிய சாவியால் பூட்டப்பட்டிருக்கும். கணினியில் செருகிப் பார்த்தால் 32 எழுத்து நீளத்தில் பெயர் கொண்ட ஒரு கோப்புறை, அதற்குள் அதேபோல இன்னொன்று, அதற்குள் எண்கள், எண்களுக்குள் எண்கள். எடுத்துக்கொண்டு வந்து இன்னொரு கன்சோலில் போட்டால் அது வெறும் இரைச்சல். காட்மோட்9 என்ற கருவியைக் கொண்டு கன்சோலை எழுப்பி, அந்தக் கன்சோலையே பூட்டைத் திறக்க வைத்து, நிறுவத்தக்க சிஐஏ கோப்பாகக் கட்டித்தான் வெளியே எடுக்க வேண்டும். செய்து தருகிறேன் என்றார்.

பேச்சை முடிக்கும்போது, ஒரு சின்னத் திருத்தத்துக்காக அவரை இந்த நேரத்தில் தொல்லைப்படுத்துகிறேன் என்று சொன்னேன். அதற்கு அவர் சொன்ன பதில்தான் இன்றுவரை என்னை விடவில்லை. "சின்னத் திருத்தம் இல்லை, அண்ணா. அப்டேட் போட்ட பிறகு ஓடுவது அட்டையில் இருக்கும் நிரலே இல்லை. மெமரி கார்டில் இருக்கிறதே, அந்த நிரல்தான் முழுதாக ஓடுகிறது. மாறாத படங்களையும் பாட்டுகளையும் மட்டும் அட்டையிலிருந்து எடுத்துக்கொள்ளும். உங்கள் அக்கா 2016க்குப் பிறகு ஆடியது அட்டையில் இருந்த விளையாட்டை இல்லை."

தொலைபேசியை வைத்த பிறகு நெடுநேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். அப்டேட் என்றால் கிழிந்த இடத்தில் ஒட்டுப் போடுவது என்றுதான் எண்ணியிருந்தேன். துணி நம்முடையது, ஒட்டு கொஞ்சம். அவர் சொன்ன கணக்கில் அது தலைகீழ். அப்டேட்டுக்குள் முழு நிரலும் புதிதாக இருக்கிறது. விளையாட்டைத் தொடங்கும்போது கன்சோல் அட்டையில் உள்ள நிரலை ஒதுக்கிவிட்டு, மெமரி கார்டில் உள்ளதை ஏற்றுகிறது. அட்டை தன் இடத்தில் இருந்தாக வேண்டும், இல்லாவிட்டால் எதுவும் நடக்காது. ஆனால் ஓடுவது அது அன்று. அட்டையில் ஓர் எழுத்துகூட மாறியிருக்காது. அப்டேட்டை அழித்துவிட்டால் 2013இல் பெட்டியைப் பிரித்த அன்று இருந்த அதே விளையாட்டு அடியிலிருந்து வெளிப்படும். மேலே ஒரு படலமாக விரித்து வைத்த விளையாட்டையே ஆண்டுக்கணக்கில் ஆடிவிட்டு, அடியில் இருந்ததை ஆடியதாக நினைத்துக்கொண்டிருக்கிறோம்.

என் 22 அட்டைகளை எடுத்து மேசையில் பரப்பினேன். ஒவ்வொன்றாகச் செருகிப் பார்த்து, எத்தனைக்கு அப்டேட் இருக்கிறது என்று குறித்தேன். பதின்மூன்று. அலமாரியில் அடுக்கி வைத்துப் பெருமைப்பட்ட 22இல் பதின்மூன்று விளையாட்டுகளை நான் அட்டையிலிருந்து ஆடவே இல்லை. எவரோ, எங்கோ ஒரு சர்வரில், இன்னும் நிறுத்தாமல் வைத்திருக்கும் கோப்பிலிருந்துதான் ஆடியிருக்கிறேன். இறக்கிக்கொள்வது வாடகை என்று சொல்லிச் சொல்லி எத்தனை பேரோடு சண்டை போட்டிருக்கிறேன்.

ஒரு கோப்பை நிறுவுவது

மறுநாள் மாலை கோப்பு வந்தது. இதைச் செய்வது சரியா என்ற கேள்வி எனக்கு இருந்தது, அதை மறைக்க விரும்பவில்லை. கன்சோலை மாற்றியமைப்பவர்கள் பலரும் காசு கொடுக்காமல் விளையாட்டுகளை ஏற்றிக்கொள்ளத்தான் அதைச் செய்கிறார்கள். நான் அதைச் செய்ததில்லை, செய்யவும் மாட்டேன். ஒரு விளையாட்டை உருவாக்க நான்கைந்து ஆண்டுகள் உழைத்தவர்களின் பிழைப்பு அதில் இருக்கிறது. ஆனால் இந்தக் கோப்பு விலைக்கு விற்றதில்லை. அட்டை வாங்கிய எல்லோருக்கும் இலவசமாகத் தந்தது. அட்டை அக்கா கடையில் காசு கொடுத்து வாங்கியது. உரியவளுக்கு உரியதை வாங்கித் தர ஒரு பூட்டைச் சுற்றி நடக்க வேண்டியிருந்தது. சட்டம் இதை எப்படிப் பார்க்கும் என்பது நாட்டுக்கு நாடு மாறும். நான் என் மனதைக் கேட்டேன். அது அனுமதித்தது.

நிறுவுவதற்கு முன் செக்பாயிண்ட் என்ற செயலியால் அட்டையில் இருந்த சேமிப்பை நகலெடுத்தேன். இதை எவரும் தவிர்க்கக் கூடாது. அப்டேட் தவறான பதிப்பாக இருந்து, விளையாட்டு அந்தச் சேமிப்பின் மேல் எதையாவது எழுதிவிட்டால், பத்தாண்டு ஊர் ஒரு நொடியில் போய்விடும். மெமரி கார்டில் ஒன்று, கணினியில் ஒன்று, பென் டிரைவில் ஒன்று என்று மூன்று நகல்கள். பிறகு எஃப்பிஐ என்ற நிறுவியைத் திறந்து, கோப்பைத் தேர்ந்தெடுத்தேன். நிறுவுவதற்கு முன் அது கோப்பின் அடையாள எண்ணைத் திரையில் காட்டும். ஒவ்வோர் இலக்கமாக விரல் வைத்துப் படித்தேன். முடிவில் 00086300. பெரியப்பா வீட்டுத் திருமணப் பத்திரிகையில் எங்கள் பெயர் சரியாக அச்சாகியிருக்கிறதா என்று அப்பா பார்த்த அதே கவனத்தோடு பார்த்தேன். சரி என்று அழுத்தினேன். பச்சைக் கோடு மெல்ல நகர்ந்து முடிந்தது.

திறந்து பார்க்கவில்லை. அக்கா அன்று கோயம்புத்தூரில் மாமியார் வீட்டில் இருந்தாள். அவள் ஊரை அவள் இல்லாமல் திறப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

அந்த ஓர் இரவும் ஒரு பகலும் நான் நினைத்ததெல்லாம் அந்தக் கோப்பைப் பற்றித்தான். நண்பரின் மனைவி அந்த விளையாட்டை ஆடாமல் இருந்திருந்தால்? அவர் கன்சோலை மாற்றியமைக்காமல் இருந்திருந்தால்? 3டிஎஸ் கடை மூடியபோது, ஏற்கெனவே வாங்கியதையும் அப்டேட்டுகளையும் தொடர்ந்து இறக்கிக்கொள்ளலாம் என்றார்கள். அந்த வாக்கு காப்பாற்றப்பட்டு வருகிறது, அதற்கு நன்றி சொல்லத்தான் வேண்டும். ஆனால் முடிவுத் தேதி குறிக்காத வாக்கு அது. அக்கா அமெரிக்காவுக்குத் திரும்பிய சில மாதங்களில், 2024 ஏப்ரல் 8 அன்று, 3டிஎஸ்ஸில் இணையம் வழியாகச் சேர்ந்து ஆடும் வசதி பெரும்பாலான விளையாட்டுகளுக்கு நின்றுவிட்டது. ஒருவர் ஊருக்கு இன்னொருவர் இணையத்தில் விருந்தாடியாகப் போவதும் அதோடு போயிற்று. அப்டேட் சர்வர் நிற்கும் நாளில் ஓர் அட்டைகூடச் சத்தம் போட்டு உடையாது. ஊருக்குள் நுழைய முடியாத மேயர்கள் மட்டும் அங்கங்கே பெருகுவார்கள்.

கன்சோல் விளையாட்டைக் கணினியில் ஓட வைக்கும் எமுலேட்டர்களில் இந்தச் சிக்கல் இல்லை என்று சிலர் சொல்வார்கள். சிட்ரா என்ற 3டிஎஸ் எமுலேட்டரிலும் அப்டேட்டைத் தனியாக, அதே சிஐஏ கோப்பாகத்தான் நிறுவ வேண்டும். அங்கேயும் விளையாட்டு ஒரு கோப்பு, அப்டேட் இன்னொரு கோப்பு. கணினித் திரையில் பார்க்கும்போது அந்தப் பிரிவு இன்னும் அப்பட்டமாகத் தெரியும். அந்தச் சிட்ராவே 2024 மார்ச்சில் நிறுத்தப்பட்டது. நின்டெண்டோவின் இன்னொரு கன்சோலான ஸ்விட்சுக்கு உரிய யூசு என்ற எமுலேட்டரின் மேல் நின்டெண்டோ தொடுத்த வழக்கு 24 லட்சம் டாலர் சமரசத்தில் முடிந்தபோது, இரண்டுக்கும் பின்னால் இருந்தது ஒரே குழு என்பதால் இரண்டும் சேர்ந்தே போயின. அந்த நிரலை எடுத்து வேறு பெயர்களில் தொடர்பவர்கள் உண்டு என்பது வேறு விஷயம். நூலகங்கள் விளையாட்டு அட்டைகளைச் சேகரிக்கத் தொடங்கியிருக்கும் காலம் இது. அட்டையோடு அதன் கடைசி அப்டேட்டையும் சேர்த்து வைக்காத சேகரிப்பு, அட்டைப்படத்தை மட்டும் சேர்த்த சேகரிப்புதான் என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

மேயர் திரும்பினார்

அக்கா திரும்பி வந்த மாலை, கூடத்தில் நாங்கள் மூவரும் தரையில் உட்கார்ந்தோம். பதினான்கு வயது மருமகள் கைப்பேசியைப் பார்த்தபடி சற்றுத் தள்ளி இருந்தாள். கன்சோலை அக்கா கையில் கொடுத்தேன். தொட்டாள். இந்த முறை இசை வந்தது. மருமகள் தலையை நிமிர்த்தினாள். அவளாகவே நகர்ந்து வந்து அம்மாவின் தோளில் முகவாயை வைத்துக்கொண்டாள்.

யாராகத் தொடங்குகிறீர்கள் என்று கேட்டது. இரண்டு பெயர்கள். அக்கா தன் பெயரைத் தொட்டாள். வீட்டுக் கதவைத் திறந்துகொண்டு மேயர் வெளியே வந்தார், தலைமுடி தாறுமாறாகக் கலைந்திருந்தது. பல நாள் வராமல் இருந்துவிட்டால் அந்த விளையாட்டு அப்படித்தான் செய்யும், தூங்கி எழுந்தவர் போல ஆக்கிவிடும். ஐந்து ஆண்டுத் தூக்கம். ஊர் முழுவதும் களை. நடக்க இடம் இல்லாத அளவுக்கு. ஆனால் பாலம் நான் கேட்டு வைத்திருந்த அதே வளைவில் இருந்தது. ஆறு ஓடிக்கொண்டிருந்தது. ஒரு பூனை எதிரே வந்து, இத்தனை மாதங்களாக எங்கே போயிருந்தீர்கள் என்று கேட்டது. எத்தனை மாதம் என்று எண்ணிக்கையும் சொன்னது. அக்கா பதில் சொல்லாமல் பொத்தானை அழுத்தாமல் சிறிது நேரம் அப்படியே வைத்திருந்தாள்.

அஞ்சல் பெட்டி மினுங்கிக்கொண்டிருந்தது. திறந்தாள். படிக்காத கடிதங்களில் ஒன்று மகளிடமிருந்து. எழுத்துப்பிழைகளோடு ஆங்கிலத்தில் மூன்று வரி. அம்மா, நான் பூக்களுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டேன், நீ ஊற்ற வேண்டாம், உனக்கு ஒரு பழம் வைத்திருக்கிறேன் என்பது செய்தி. கூடவே ஒரு பீச் பழம் பரிசாக இணைக்கப்பட்டிருந்தது. எழுதியவளுக்கு எழுதிய நினைவே இல்லை. "நானா?" என்றாள். பழத்தை எடுத்துப் பையில் வைக்கப் போன என் விரலை அக்கா தடுத்தாள். "எடுக்காதே தம்பி, அப்படியே இருக்கட்டும்." அந்தக் கடிதம் பழத்தோடு இன்னும் பெட்டியில்தான் இருக்கிறது.

இரவு பதினொரு மணி வரை இருவரும் மாறி மாறிக் களை பிடுங்கினார்கள். மருமகள் தன் வீட்டுக்குள் போய், ஏழு வயதில் தான் அடுக்கிய நாற்காலிகளைப் பார்த்துவிட்டு ஒன்றையும் நகர்த்தாமல் வெளியே வந்தாள்.

ஜனவரி முதல் வாரத்தில் அவர்கள் புறப்பட்டார்கள். அதற்குள் நான் பதின்மூன்று அட்டைகளின் அப்டேட்டுகளையும் காட்மோட்9 கொண்டு ஒவ்வொன்றாகக் கட்டி எடுத்து, இரண்டு வன்தட்டுகளில் வைத்துவிட்டேன். ஒவ்வொரு கோப்புறைக்கும் அடையாள எண், பதிப்பு எண், எந்த நாட்டு அட்டை என்று பெயரிட்டேன். வைகைக்கு உரியதையும் அவற்றோடு சேர்த்தேன். பிறகு கன்சோலை, மெமரி கார்டு உள்ளே இருக்க, அக்காவிடம் கொடுத்தேன். இங்கத்திய மின்னேற்றி அங்கே வேலை செய்யாது என்பதால் ஒரு யுஎஸ்பி கம்பியும். "உன்னுடையது ஆயிற்றே, எனக்கு அட்டை மட்டும் போதும்" என்றாள். போதாது என்று சொன்னேன்.

விமான நிலைய வாசலில் மருமகள் கன்சோலைக் கைப்பையில் வைத்துக்கொண்டிருந்தவள், நின்று யோசித்து, அட்டையை வெளியே எடுக்கப் போனாள். "மாமா, இதைத் தனியாக எடுத்துப் பர்சில் வைத்துக்கொள்ளட்டுமா? இதுதானே முக்கியம், பத்திரமாக இருக்குமே" என்றாள்.

"வேண்டாம் அம்மா, உள்ளேயே இருக்கட்டும்" என்றேன்.